கரி பூசிய சிரிப்பு

'சும்மா சிரிப்புக்குத்தானே, இதுக்குப் போய் ஏன் அரசியல் பேசுறீங்க?' என்கிற வாக்கியத்தை எப்போதும் சிரித்தவன்தான் சொல்கிறான். சிரிக்கப்பட்டவன் சொல்லி நான் கேட்டதில்லை. அவனுக்குத் தெரியும், சும்மா என்று ஒரு சிரிப்பு கிடையாது. ஒவ்வொரு சிரிப்புக்கும் புறப்படுகிற இடம் ஒன்று, போய் விழுகிற இடம் ஒன்று. விழுகிற இடத்தில் நிற்பவனுக்கு அரசியல் தானாகவே புரிந்துவிடுகிறது.

இன்னொரு பக்கம் நம் தோழர்களில் சிலர். சிரிப்பு என்றாலே இவர்களுக்குச் சந்தேகம். போராட்டக்காரன் என்றால் முகம் இறுகியிருக்க வேண்டும், கலை என்றால் கண்ணீர் வர வேண்டும். அவலத்தைப் பார்த்துச் சிரிக்கிற படம் எடுத்தால் அது மேட்டுக்குடித் திமிர் என்று முடித்துவிடுவார்கள். இந்த இரண்டு கட்சிக்காரர்களும் ஒரே கேள்வியைத்தான் தாண்டிப் போகிறார்கள்: சிரிப்பு எந்தத் திசையில் பாய்கிறது?

இந்தக் கேள்வியை இரண்டு ஆங்கிலேயர்களை வைத்துப் பேசலாம் என்று நினைக்கிறேன். ஸ்டீவ் பெம்பர்ட்டன், ரீஸ் ஷியர்ஸ்மித். சேர்ந்து எழுதி, சேர்ந்து நடிக்கிற ஜோடி. பிபிசி-2இல் 2014 பிப்ரவரி தொடங்கி 2024 ஜூன் வரை ஒன்பது தொடர்களாக வந்த 'இன்சைட் நம்பர் 9' இவர்களுடையது. தொடர் என்று பெயரே தவிர, மொத்தம் 55 தனித்தனிக் குறும்படங்கள். ஒவ்வொன்றும் ஏறக்குறைய அரை மணி நேரம். ஒவ்வொன்றிலும் புது ஆட்கள், புதுக் கதை, புது இடம். ஒன்பது என்கிற எண் மட்டும் எங்காவது ஒட்டிக்கொண்டிருக்கும். ஒன்பதாம் எண் வீடு, ஒன்பதாம் எண் அறை, இப்படி. எல்லாமே சிரிப்பு. எல்லாவற்றுக்குள்ளும் ஒரு பிணமோ, ஒரு குற்றமோ, ஒரு பழைய அவமானமோ கிடக்கும். 2021இல் பிரிட்டனின் பாஃப்டா விருதும் வந்தது. இவர்களை எடுத்துக்கொள்வதற்குக் காரணம் விருது அல்ல. சிரிப்பால் செய்யக்கூடிய நல்லதையும் கெட்டதையும் ஒரே இரண்டு கைகள் செய்திருக்கின்றன என்பதுதான்.

1

முதலில் பெயரைப் பற்றி. இந்த வகைச் சிரிப்புக்கு நம் ஆட்கள் 'கருப்பு நகைச்சுவை' என்று எழுதுகிறார்கள். 1940இல் ஆந்த்ரே பிரெத்தோன் என்கிற பிரெஞ்சு சர்ரியலிசக் கவிஞர் தொகுத்த தொகைநூலின் தலைப்பிலிருந்து உலகம் முழுக்கப் பரவிய சொல்லின் மொழிபெயர்ப்பு அது. எனக்கு இந்தச் சொல்லோடு ஒரு தகராறு உண்டு. கொலை, பிணம், கொடூரம் எல்லாவற்றுக்கும் கருப்பு என்று பெயர் வைத்தால், கருப்பாய்ப் பிறந்தவன் அந்தச் சொல்லை எப்படி வாயில் வைப்பான்? 'அவல நகைச்சுவை' என்கிற சொல் தமிழில் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. அதையே நான் பயன்படுத்துகிறேன்.

பிரெத்தோன் இந்த மரபின் தொடக்கமாக யாரைக் காட்டினார் என்பது முக்கியம். ஜோனதன் ஸ்விஃப்ட். 1729இல் ஸ்விஃப்ட் ஒரு சின்னப் பிரசுரம் போட்டார். அயர்லாந்தில் ஏழைகள் பிள்ளைகளைப் பெற்றுப் போட்டுப் பட்டினி கிடக்கிறார்கள். இதற்கு ஒரு யோசனை: அந்தக் குழந்தைகளைக் கொழுக்க வைத்து ஒரு வயதில் பணக்காரர்களுக்கு இறைச்சியாக விற்றுவிடலாம். கணக்குப் போட்டு, விலை நிர்ணயித்து, சமையல் பக்குவமும் சொல்லி எழுதினார். நிதி ஆலோசகர் ஒருவர் அரசுக்குக் கொடுக்கிற அறிக்கை எப்படி இருக்குமோ, அப்படியே.

அங்கே சிரிப்பு யார் மேல்? ஏழைப் பிள்ளை மேல் அல்ல. பிள்ளையை ஒரு புள்ளிவிவரமாக்கிப் பேசுகிற கனவானின் மொழி மேல். ஏற்கெனவே நடந்துகொண்டிருந்த நரமாமிசத்தை ஸ்விஃப்ட் தட்டில் வைத்துக் காட்டினார், அவ்வளவுதான். அவல நகைச்சுவையின் அளவுகோலை நான் இங்கேதான் வாங்கிக்கொள்கிறேன். கதையில் எத்தனை பிணம் விழுகிறது என்பதில்லை விஷயம். படம் முடியும்போது யாருடைய மொழி அம்மணமாக நிற்கிறது என்பதுதான்.

2

பெம்பர்ட்டன் பிளாக்பர்ன்காரர், ஷியர்ஸ்மித் ஹல்காரர். இரண்டுமே வட இங்கிலாந்து. பிளாக்பர்ன் பஞ்சாலை ஊர், ஆலைகள் மூடப்பட்ட ஊர். ஹல் மீன்பிடித் துறைமுகம். 1976இல் ஐஸ்லாந்தோடு நடந்த மீன்பிடித் தகராறு முடிந்தபோது அந்தத் தொழிலின் முதுகெலும்பும் முறிந்தது. 1980களில் தாட்சர் ஆட்சியில் வேலையில்லாதவர்கள் எண்ணிக்கை 30 லட்சத்தைத் தாண்டியது. அடிபட்டதில் பெரும்பங்கு இந்த வடக்குத் தொழில் ஊர்களுக்குத்தான். அப்படிப்பட்ட மண்ணிலிருந்து இரண்டு பையன்கள் யார்க்‌ஷைரில் ப்ரெட்டன் ஹால் என்கிற கல்லூரியில் நாடகம் படிக்கப் போகிறார்கள். அங்கே மார்க் கேட்டிஸ் கிடைக்கிறார், பிறகு ஜெரமி டைசன் சேர்கிறார். நான்கு பேரும் சேர்ந்து 'த லீக் ஆஃப் ஜென்டில்மென்' என்ற பெயரில் மேடை ஏறுகிறார்கள். 1997இல் எடின்பரோ விழாவில் பெரியர் விருது, அதே ஆண்டு வானொலி, 1999 முதல் 2002 வரை பிபிசி-2இல் மூன்று தொடர்கள்.

ராய்ஸ்டன் வேஸி என்று ஒரு கற்பனை ஊர். டெர்பிஷைரில் ஹாட்ஃபீல்ட் என்கிற நிஜ ஊரில் எடுத்தார்கள். அந்த ஊரில் ஒரு பெட்டிக்கடை, நடத்துவது ஒரு தம்பதி. வெளியூர்க்காரன் உள்ளே வந்து ஏதாவது கேட்டால் போதும், ஆள் திரும்பிப் போவதில்லை. 'உள்ளூர்' என்கிற ஒரு சொல்லை அவர்கள் மந்திரம் மாதிரி உச்சரித்துக்கொண்டே கொல்கிறார்கள். மண்ணின் மைந்தர் பேச்சை இதைவிடச் சிக்கனமாக யாராவது தோலுரித்திருக்கிறார்களா? 2016 பிரெக்சிட் வாக்கெடுப்புக்குப் பதினேழு வருசம் முன்னால் எழுதியது இது.

எனக்கு இன்னும் நெருக்கமானவள் பாலின். பெம்பர்ட்டன் பெண் வேடமிட்டு நடித்த பாத்திரம். 1986இல் தாட்சர் அரசு வேலையில்லாதவர்களைக் கூப்பிட்டு விசாரிக்கிற 'ரீஸ்டார்ட்' என்ற திட்டத்தை நாடு முழுக்கக் கொண்டுவந்தது. வேலை இல்லாததற்குக் காரணம் மூடின ஆலை அல்ல, உன்னுடைய சோம்பேறித்தனம்தான் என்று ஆளை உட்கார வைத்துப் பாடம் நடத்துகிற ஏற்பாடு. பாலின் அப்படி ஒரு வகுப்பு நடத்துகிற அதிகாரி. வேலை தேடி வந்த வளர்ந்த மனிதர்களைப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி நடத்துவாள், இழிவாகப் பேசுவாள். மிக்கி என்று ஒருத்தன், பாவம், எதையும் நம்புகிறவன். அவனுக்கு நிஜமாகவே வேலை கிடைக்கிற மாதிரி வந்தால் பாலினுக்குத் தாங்காது. ஏனென்றால் இவர்களுக்கு வேலை கிடைத்துவிட்டால் இவளுக்கு வேலை போய்விடும். பின்னால் அவளே வேலையிழந்து அந்த வரிசைக்கு வருகிறாள்.

பாலினுக்குப் பேனா என்றால் உயிர். மனுசர்களைவிடப் பேனாக்கள் மேல். நான் கவிதை எழுதுகிறவன், சோற்றுக்கு வங்கியில் குமாஸ்தா. கவுண்டரில் வாடிக்கையாளருக்கான பேனாவைச் சணல் கயிற்றால் கட்டி வைத்திருப்பார்கள், பார்த்திருப்பீர்கள். கோடிக்கணக்கில் கடன் வாங்கிக்கொண்டு போகிறவனை மேனேஜர் அறைக்குள் உட்கார வைத்துச் சொந்தப் பேனாவை எடுத்துக் கொடுப்பார். நூறு நாள் வேலைக் கூலி எடுக்க வருகிற ஆயாவுக்குத்தான் கயிறு கட்டின பேனா. அதிகாரம் பெரிய பெரிய கட்டடங்களில் மட்டும் இல்லை, அந்த முக்கால் முழக் கயிற்றிலும் இருக்கிறது. பாலினின் பேனாவில் அதைக் கண்டுபிடித்து எழுதியவர்களுக்கு வரிசையில் நிற்பவனின் வலி தெரிந்திருக்கிறது.

இதே காலத்தில் பிரிட்டனில் இன்னொரு எழுத்து ஜோடி, மேட் லூக்கஸ், டேவிட் வாலியம்ஸ். 2003இல் தொலைக்காட்சிக்கு வந்த இவர்களுடைய 'லிட்டில் பிரிட்டன்' நிகழ்ச்சியில் விக்கி போலார்ட் என்று ஒரு ஏழைச் சிறுமி. நிறுத்தாமல் உளறுவாள், பெற்ற பிள்ளையை ஒரு பாட்டு சி.டி.க்கு மாற்றிக்கொண்டவள் என்பது அவளைப் பற்றின ஒரு ஜோக். நாடே சிரித்தது. ஏழைப் பெண்களைத் திட்ட அவள் பெயரே ஒரு வசைச்சொல்லாகிவிட்டது. 2011இல் ஓவன் ஜோன்ஸ் தொழிலாளி வர்க்கத்தை எப்படிக் கேலிப்பொருளாக்கினார்கள் என்று எழுதிய 'சாவ்ஸ்' நூலில் விக்கி போலார்டும் ஒரு சாட்சி. ஸ்விஃப்டும் குழந்தையை விற்பதைப் பற்றித்தான் எழுதினார், இவர்களும் அதைப் பற்றித்தான் எழுதினார்கள். அவர் வாங்குகிறவனைப் பார்த்துச் சிரித்தார். இவர்கள் பெற்றவளைப் பார்த்துச் சிரித்தார்கள். திசை என்று நான் சொல்வது இதைத்தான்.

3

லீக் முடிந்த பிறகு பெம்பர்ட்டனும் ஷியர்ஸ்மித்தும் தனி ஜோடியாகி 2009இல் 'சைக்கோவில்' எழுதினார்கள். அதில் ஓர் அத்தியாயத்தை ஹிட்ச்காக்கின் 'ரோப்' (1948) படத்தை மனசில் வைத்து, ஒரே அறைக்குள், நீள நீளமான இரண்டே ஷாட்டுகளில் எடுத்தார்கள். அந்த ஒரு அறைதான் பிற்பாடு ஒன்பதாம் எண் ஆயிற்று.

ஏன் அறை? வெளியே போக வழி இல்லாத இடத்தில்தான் மனுசனின் மரியாதை கழன்று விழும். இரண்டாவது சனிக்கிழமை எங்களுக்கு விடுமுறை. கல்லூரி மாணவர்கள் ஏழெட்டுப் பேரோடு சேர்ந்து ஒரு தோழர் வீட்டில் இந்தப் படங்களைப் பார்த்தோம். முதல் படம் 'சார்டைன்ஸ்'. பெரிய மாளிகையில் நிச்சயதார்த்த விருந்து. மத்தி மீன் டப்பா மாதிரி ஒருவர் ஒளிந்திருக்கிற இடத்திலேயே கண்டுபிடித்தவரும் புகுந்துகொள்ள வேண்டும் என்று ஒரு விளையாட்டு. ஒரு துணி அலமாரிக்குள் ஒவ்வொருவராக வந்து அடைகிறார்கள். ஜான் என்று ஒருத்தன் வருகிறான். குளிக்காதவன், நாறுகிறவன். அவனுக்குப் பட்டப்பெயரே நாற்றத்தை வைத்துத்தான். எல்லாரும் மூக்கைப் பொத்துகிறார்கள். எங்கள் அறையிலும் பிள்ளைகள் சிரித்தார்கள்.

கொஞ்ச நேரத்தில் பேச்சு பழைய கதைக்குப் போகிறது. அந்த வீட்டுப் பெரிய மனுசன் வருசங்களுக்கு முன்னால் சிறுவர்களிடம் நடந்துகொண்ட விதம், அதை மூடி மறைத்தது, சோப்பு வாசனை. ஜான் ஏன் குளிப்பதில்லை என்பதற்கும் அந்த சோப்புக்கும் சம்பந்தம் உண்டு என்று படம் கோடி காட்டுகிறது. எங்கள் அறையில் சிரிப்பு சட்டென்று நின்றது. நாற்றம் யாருடையது? நாறுகிறவன் மேலா, மணக்க மணக்க விருந்து வைக்கிற வீட்டின் மேலா? ஒருத்தனை நாற்றம் பிடித்தவன் என்று சொல்லி ஒதுக்குகிற ஊர், அந்த நாற்றத்தைத் தானே உற்பத்தி செய்துவிட்டு மூக்கைப் பொத்திக்கொள்கிறது. இதை எனக்கோ உங்களுக்கோ யாரும் விளக்க வேண்டியதில்லை. ஒரு மாணவி மட்டும் மெதுவாகச் சொன்னாள்: 'நம்மளையும் சிரிக்க வச்சுட்டானே.' அதுதான் இந்தப் படத்தின் வேலை. முதலில் ஊரோடு சேர்ந்து உன்னையும் சிரிக்க வைக்கிறது. பிறகு ஊரோடு சேர்த்து உன்னையும் அலமாரிக்குள் பூட்டுகிறது.

'டாம் அண்ட் ஜெர்ரி' இன்னொரு விதம். டாம் பள்ளி ஆசிரியர், எழுத்தாளனாக ஆசை. தொலைந்த பர்ஸைத் திருப்பிக் கொடுக்க ஒரு வீடற்றவன் கதவைத் தட்டுகிறான். டாமுக்கு நல்ல மனசு, நாலு வார்த்தை பேசி உள்ளே கூப்பிடுகிறான். வந்தவன் மெல்ல மெல்லத் தேறுகிறான். டாம் மெல்ல மெல்ல இறங்குகிறான். தாடி இடம் மாறுகிறது, அழுக்கு இடம் மாறுகிறது. நடுத்தர வர்க்கத்தின் பெரிய மூடநம்பிக்கை, தான் சுத்தமாக இருப்பது தன் குணத்தால் என்பது. வங்கியில் உட்கார்ந்து பார்க்கிற எனக்குத் தெரியும், வீடு இருப்பவனுக்கும் இல்லாதவனுக்கும் நடுவில் இருப்பது குணம் அல்ல, விடாமல் வந்து விழுகிற சம்பளம். மூணு மாசம் விழவில்லை என்றால் நான்காம் மாசம் நோட்டீஸ் போகும். படம் அந்தப் பயத்தைச் சரியாகப் பிடித்திருக்கிறது. ஆனால் அது டாமின் பயமாகவே இருக்கிறது. தெருவில் கிடந்தவனுக்கு என்ன கதை என்று படம் கேட்கவில்லை. அவன் டாமின் கண்ணாடியாக வந்து போகிறான். இதைக் குறித்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறேன்.

'எ கொயட் நைட் இன்' பேச்சே ஏறக்குறைய இல்லாத படம். கண்ணாடியும் வெளிச்சமுமாய் ஒரு பணக்கார வீடு, இரண்டு திருடர்கள், ஓர் ஓவியம். ஓவியம் என்றால் கிட்டத்தட்ட வெறும் வெள்ளைத் துணி. அதற்குத்தான் அத்தனை விலை, அத்தனை பாடு. சொத்து என்பதன் மர்மத்தை ஒரு வார்த்தை பேசாமல் சொல்லிவிடலாம் என்று அதைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன். 2017இல் வந்த 'த பில்' படத்தில் நான்கு ஆண்கள் சாப்பிட்டு முடித்து, பில்லை யார் கொடுப்பது என்று மல்லுக்கட்டுகிறார்கள். நான்தான் கொடுப்பேன், நான்தான் கொடுப்பேன். கடையை மூட வேண்டிய பணிப்பெண் நின்றுகொண்டே இருக்கிறாள். கொடுப்பது எப்படி ஒரு ஆதிக்கம் ஆகிறது என்பதுதான் கதை. கொடுக்கிற கை எப்போதும் மேலே இருக்க ஆசைப்படுகிறது. அந்த ஆசையையே ஒருத்தனுக்குத் தூண்டிலாகப் போட்டிருக்கிறார்கள் என்பது கடைசியில்தான் தெரியும்.

4

இப்போது தகராறுக்கு வருகிறேன். 2015இல் வந்த 'த ட்ரயல் ஆஃப் எலிசபெத் காட்ஜ்'. பதினேழாம் நூற்றாண்டுக் கிராமம். ஒரு கிழவியைச் சூனியக்காரி என்று குற்றம் சாட்டியிருக்கிறார்கள், அதுவும் சொந்த மகளும் மருமகனும். விசாரிக்க இரண்டு சூனிய வேட்டைக்காரர்கள் வருகிறார்கள். ஊர்ப் பெரியவருக்கு ஒரே கணக்குதான். விசாரணை நடந்தால் கூட்டம் வரும், வியாபாரம் நடக்கும்.

இது கற்பனை மட்டும் அல்ல. 1644 முதல் 1647 வரை கிழக்கு இங்கிலாந்தில் மேத்யூ ஹாப்கின்ஸ் என்றொருவன் 'சூனிய வேட்டைத் தளபதி' என்று தனக்குத்தானே பட்டம் கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போனான். நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் தூக்கில் தொங்கியதற்கு அவன் பொறுப்பு. பெரும்பாலும் பெண்கள், பெரும்பாலும் ஏழைகள். இதற்குக் கூலியும் உண்டு. ஸ்டோமார்க்கெட் என்கிற ஒரு ஊர் மட்டும் அவனுக்கு 23 பவுண்டும் வழிச்செலவும் கொடுத்தது. கொலைக்கு ஊரே வரி போட்டுக் காசு கொடுத்த காலம்.

படத்தின் முக்கால்வாசி அபாரம். சாட்சியம் என்ற பெயரில் ஊர் உளறுவதும், அந்த உளறலைச் சட்டம் மதிப்போடு எழுதிக்கொள்வதும், கிழவிக்கு வயசானதும் சோற்றுக்கு இடைஞ்சலாக இருப்பதும்தான் அவள் குற்றம் என்பதும் சிரிப்போடு சிரிப்பாக வெளியே வருகிறது. பிறகு கடைசியில் ஒரு திருப்பம். கிழவி நிஜமாகவே சூனியக்காரி!

எங்கள் அறையில் கை தட்டினார்கள். எனக்குக் கை வரவில்லை. அரைமணி நேரம் ஊரின் பொய்யைத் தோலுரித்துவிட்டு, கடைசி ஒரு நிமிசத்தில் ஊர் சொன்னது சரிதான் என்று தீர்ப்பு எழுதினால் அது என்ன கலகம்? தூக்கில் தொங்கின அந்த நூறு பேரின் கழுத்தில் மறுபடியும் கயிறு விழவில்லையா? ஒரு தோழர் மறுத்தார். 'அப்படி இல்லப்பா. சூனியக்காரியே இல்லைன்னு தெரிஞ்சே கொன்னுக்கிட்டுத் திரிஞ்சவன் முன்னாடி நிஜமான ஒருத்தி வந்து நிக்கிறா. பழி வாங்குறா. பார்க்குற நமக்கு அது சந்தோசம்தானே?' என்றார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. பேயாகத் திரும்பி வந்து பழி தீர்க்கிற கதைகள் ஒடுக்கப்பட்டவர்களிடம் எல்லா ஊரிலும் உண்டு. ஆனால் அந்தக் கதைகளில் அவள் சாகும்போது நிரபராதி. செத்த பிறகுதான் பேய். கொன்றவர்கள்தான் அவளைப் பேயாக்கினார்கள். இங்கே அவள் முதலிலிருந்தே குற்றவாளி. இந்த வித்தியாசம் சின்னதல்ல.

திருப்பம் என்கிற உத்திக்குள்ளேயே இந்த ஆபத்து உட்கார்ந்திருக்கிறது. கடைசி நிமிசத்தில் பார்வையாளனை ஏமாற்றியாக வேண்டும் என்ற கட்டாயம் வந்துவிட்டால், அரைமணி நேரமாகச் சொன்ன உண்மையையே விலையாகக் கொடுக்க வேண்டியிருக்கும். 'சார்டைன்ஸ்' திருப்பம் மூடி வைத்த குற்றத்தைத் திறந்தது. 'காட்ஜ்' திருப்பம் திறந்த குற்றத்தை மூடியது. இரண்டிலும் ஒரே கெட்டிக்காரத்தனம்தான். அரசியல் மட்டும் தலைகீழ்.

5

இனி முக்கியமான கணக்கு. 2000இல் வந்த லீக்கின் இரண்டாம் தொடரில் பாப்பா லசாரு என்று ஒரு பாத்திரம். ஷியர்ஸ்மித் நடித்தது. சர்க்கஸ்காரன், கதவைத் தட்டித் துணிக் கவ்விகள் விற்க வருகிறான், பெண்களைப் பிடித்துக்கொண்டு போகிறான். முகம் முழுக்கக் கருப்புச் சாயம். கண்ணையும் வாயையும் சுற்றி வெள்ளை. பிரிட்டனில் வீடு வீடாகத் துணிக் கவ்வி விற்றவர்கள் யார்? ரோமா நாடோடி மக்கள். கருப்பு முகத்தில் வெள்ளை வாய் யாருடைய அடையாளம்? கருப்பர்களைக் கேலி செய்ய வெள்ளையர் போட்ட மின்ஸ்ட்ரல் வேசம். பிள்ளை பிடிக்கிறவன் என்று ஊர் பயந்த இரண்டு சனங்களை ஒரே உடம்பில் ஏற்றியிருக்கிறார்கள். அதே ஊரில் டாக்சி ஓட்டுகிற திருநங்கை ஒருவரும் உண்டு. முகத்தைக் காட்டாமல் அவர் உடம்பை மட்டும் சிரிப்பாக்கினார்கள்.

முகத்தில் கரி பூசுவது என்றால் நம் மொழியில் அவமானப்படுத்துவது என்று அர்த்தம். பிரிட்டனில் அது வெறும் சொல்வழக்கு அல்ல, பொது வானொலி-தொலைக்காட்சி நிறுவனத்தின் பொழுதுபோக்கு. 1958இலிருந்து 1978 வரை இருபது வருசம் 'த பிளாக் அண்ட் ஒயிட் மின்ஸ்ட்ரல் ஷோ' பிபிசியில் ஓடியது. வெள்ளையர்கள் முகத்தில் கருப்பு பூசிக்கொண்டு பாடுவார்கள், ஆடுவார்கள். 1967இல் இனப் பாகுபாட்டுக்கு எதிரான இயக்கத்தார் இதை நிறுத்தச் சொல்லி மனுக் கொடுத்தார்கள். அதற்குப் பிறகும் பதினொரு வருசம் ஓடியது. 1970களில் லென்னி ஹென்றி என்கிற கருப்பின இளைஞர், பின்னாளில் பெரிய நகைச்சுவை நடிகர், பிழைப்புக்காக இதே மின்ஸ்ட்ரல் மேடைக் குழுவோடு ஊர் ஊராகப் போனார். சாயம் பூசத் தேவைப்படாத முகம் அவருடையது. அந்த வலியைப் பிற்பாடு அவரே பேசியிருக்கிறார். பெம்பர்ட்டனும் ஷியர்ஸ்மித்தும் எழுதாத, எந்த அவல நகைச்சுவைக்காரனும் எழுத முடியாத காட்சி இது.

2020 மே மாதம் அமெரிக்காவில் ஜார்ஜ் ஃப்ளாய்ட் போலீஸின் முழங்காலடியில் செத்தார். ஜூனில் நெட்ஃப்ளிக்ஸ் 'லீக்' தொடரைத் தூக்கியது. 'லிட்டில் பிரிட்டன்' நெட்ஃப்ளிக்ஸிலிருந்தும் பிபிசியின் சொந்தத் தளத்திலிருந்தும் போனது. லூக்கஸும் வாலியம்ஸும் பிற இனத்தாராக வேடம் போட்டதற்கு வருத்தம் தெரிவித்தார்கள். ஷியர்ஸ்மித் சொன்ன விளக்கம் வேறு: அது கருப்பினத்தவராக வேடம் கட்டினது இல்லை, கோமாளி ஒப்பனை, பயமுறுத்துவதற்காகச் செய்தது.

இந்த விளக்கத்தை நான் பொய் என்று சொல்லவில்லை. மனசறிந்து செய்யவில்லை என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் பயமுறுத்த வேண்டும் என்று நினைத்த உடனே கை ஏன் அந்த டப்பாவுக்குப் போனது? கேள்வி நோக்கத்தைப் பற்றியது அல்ல, கையின் பழக்கத்தைப் பற்றியது. பாலினின் பேனாவில் அதிகாரத்தைக் கண்டுபிடித்த அதே கண்ணுக்கு, தன் கையிலிருந்த சாயத்தின் வரலாறு தெரியவில்லை. தாங்கள் நின்ற வரிசையின் வலி அவர்களுக்குத் தெரிந்தது. தாங்கள் நிற்காத வரிசையின் வலி தெரியவில்லை. வர்க்கத்தால் அடிபட்டவன் நிறத்தால் அடிப்பவனாக இருக்க முடியும். இது புதுச் செய்தியா நமக்கு? டாமின் வீட்டுக்குள் வந்த வீடற்றவனுக்குச் சொந்தக் கதை இல்லாமல் போனதும் இதனால்தான்.

ஆனால் தூக்கியது சரிதானா? இதில் பல தோழர்களோடு எனக்குக் கருத்து வேறுபாடு. நான் சரியில்லை என்கிறேன். தளத்திலிருந்து படத்தைத் தூக்குவது கம்பெனிக்குத் தீட்டுக் கழிக்கிற சடங்கு. குளித்து முழுகி, நாங்கள் சுத்தம் என்று அறிவித்துக்கொண்டார்கள். 'லிட்டில் பிரிட்டன்' 2022இல் அங்கங்கே வெட்டித் திருத்தி பிபிசி தளத்துக்குத் திரும்பியும் வந்துவிட்டது. வெட்டினது எதை? இழிவுபடுத்தினதற்கான சாட்சியத்தை. இழிவைச் செய்தவன் வசதியாக மறந்துவிடலாம். பட்டவனுக்கு மறக்கிற வசதி கிடையாது, கையில் ஆதாரமும் மிஞ்சாது. இருபது வருச மின்ஸ்ட்ரல் நிகழ்ச்சிக்குக் கணக்குக் கொடுக்காதவர்கள் ஒரு வாரத்தில் கோப்பை மூடினார்கள். எனக்குக் கோப்பு திறந்தே இருக்க வேண்டும். பாப்பா லசாரு அப்படியே இருக்கட்டும். பக்கத்திலேயே அந்த முகத்தின் வரலாறும் இருக்கட்டும். அதைவிட முக்கியம், கதை எழுதுகிற மேசையில் யார் உட்கார்ந்திருந்தார்கள் என்று கேட்பது. அங்கே ஒரு கருப்பினத்தவரோ ஒரு ரோமாவோ இருந்திருந்தால் அந்த டப்பா திறந்திருக்குமா? அதே படத்தை எல்லாரும் பார்க்க வைத்து இந்தக் கேள்வியைக் கேட்கலாம். தூக்கிவிட்டால் கேட்க முடியாது.

6

குறும்படம் எடுக்கிற மாணவர்களுக்கு இதில் என்ன இருக்கிறது என்று கேட்பீர்கள். கைப்பேசியில் எடுத்துவிடலாம் என்கிற காலம் இது. காசு இல்லை என்கிற சாக்கு பாதி போய்விட்டது. ஓர் அறை, நாலைந்து பேர், அரை மணி நேரம் போதும் என்பதை ஒன்பதாம் எண் காட்டியிருக்கிறது. 'ஒடுக்குமுறை' என்று தலைப்பு வைத்து, மழையில் அழுகிற அம்மாவை மெதுவாகக் காட்டுகிற படங்கள் நம்மிடம் ஏராளம். பார்க்கிற ஆதிக்கக்காரன் உச்சுக் கொட்டிவிட்டு, தன் இரக்கத்தைத் தானே மெச்சிக்கொண்டு வீட்டுக்குப் போகிறான். அவனை அப்படி அனுப்பாதீர்கள். அவனைச் சிரிக்க வையுங்கள். சிரித்துக்கொண்டிருக்கும்போது கதவைச் சாத்துங்கள்.

அவனுடைய மொழியையே எடுத்துக்கொள்ளுங்கள். 'நாங்க எல்லாம் வித்தியாசம் பாக்குறதில்லை' என்று சொல்லிக்கொண்டே வீடு வாடகைக்கு விடுகிறவன், விண்ணப்பத்தை மூணாம் தடவையாகத் திருப்பிக் கொடுக்கிறவன், கயிறு கட்டின பேனாவை நீட்டுகிறவன், இவர்கள் எல்லாரும் ஸ்விஃப்டின் கனவான்கள்தான். பேச விட்டாலே போதும், தாங்களாகவே அம்மணமாவார்கள்.

2024இல் கடைசித் தொடரின் முதல் படமாக இவர்கள் எழுதியது 'பூ டு எ கூஸ்'. நின்றுபோன சுரங்க ரயில், ஒரே பெட்டி, ஒன்பது பேர். விளக்கு அணைந்து எரிகிறது, ஒரு நர்ஸின் பர்ஸ் காணோம். யார் மேல் சந்தேகம் தாவுகிறது, யார் சோதனை போடும் உரிமையைத் தானாகவே எடுத்துக்கொள்கிறார், யார் வாயை மூடிக்கொண்டிருக்கிறார் என்பதுதான் படம். திருடன் யார் என்று தேடுகிற கதை, அதிகாரத்துக்கு யார் கீழ்ப்படிகிறார்கள் என்கிற கதையாக மாறுகிறது. பத்து வருசம் எழுதி எழுதி அவர்கள் திசையைப் பார்க்கக் கற்றிருக்கிறார்கள் என்று எனக்குப் படுகிறது.

ஜோடியாக எழுதுவதையும் யோசியுங்கள். கவிதை தனியாள் வேலை, அதில் என்னை யாரும் கேட்பதில்லை. சிரிப்பு அப்படி எழுதக்கூடாத சரக்கு. பக்கத்தில் ஒரு ஆள் உட்கார்ந்து 'இது யார் மேல விழுது?' என்று கேட்க வேண்டும். அந்த ஆள் உங்கள் தெருவாக, உங்கள் சாதியாக, ஆணாகவே இருந்தால் அவரும் உங்களோடு சேர்ந்து சிரித்துவிடுவார். நீங்கள் நிற்காத வரிசையில் நின்ற ஒருவரைப் பக்கத்தில் உட்கார வையுங்கள். ஆண்கள் எழுதும்போது ஒரு பெண், நாம் எல்லாரும் எழுதும்போது ஒரு திருநங்கை. அவர் சிரிக்காத இடத்தில் பேனாவை நிறுத்துங்கள். ஏன் சிரிக்கவில்லை என்று கேளுங்கள். நல்ல படம் அந்தப் பதிலிலிருந்து தொடங்கும்.